ஓட்ஸ் பிஸ்கட்டும் பழ உள்ளுடனும்: கேட்டவர்களுக்குப் பதில்

பரந்தனில் வீட்டிலேயே பிஸ்கட் சுட்டு விற்கிறேன். பழ உள்ளுடன், அதாவது நடுவில் வைக்கும் பழக் கலவை, வைத்த ஓட்ஸ் பிஸ்கட் பற்றிக் கேட்கச் சொன்னேன், கேள்விகள் வந்து குவிந்துவிட்டன. கேட்டவரின் ஊரைப் போட்டு, தெரிந்ததற்குப் பதில் தருகிறேன்.

கிளிநொச்சித் தங்கச்சி: உள்ளுடன் வெளியே வடிந்து தட்டில் கருகுகிறது. ஏன் அக்கா?

சூட்டோடு வைத்திருப்பீர்கள். சூடான உள்ளுடன் பட்டதும் பட்டர் இளகி மா வெடிக்கும், பிறகு பழத்தில் உள்ள தண்ணீர் ஆவியாகி அந்த வெடிப்பால் வெளியே தள்ளும். 200 கிராம் பேரீச்சம்பழத்தைக் கொட்டை எடுத்து நறுக்கி, அரைக் கப் தண்ணீரும் இரண்டு தேக்கரண்டி தேசிக்காய்ச் சாறும் விட்டு, கரண்டியால் இழுத்தால் சட்டியின் அடி தெரியும்வரை கிண்டுங்கள். முழுக்க ஆறட்டும். மாவுக்கு ஒன்றரைக் கப் ஓட்ஸ், ஒன்றேகால் கப் கோதுமை மா, அரைத் தேக்கரண்டி அப்பச்சோடா, 125 கிராம் பட்டர், முக்கால் கப் சீனி, ஒரு முட்டை. சீனிக்குப் பதில் தூளாக்கிய பனங்கட்டி போட்டால் நிறமும் வாசமும் வேறு, நான் அதைத்தான் போடுகிறேன். குழைத்த மாவை அரை மணி நேரம் குளிர்சாதனப் பெட்டியில் வையுங்கள். பெட்டி இல்லாதவர்கள் விடியப்புறத்தில் செய்யுங்கள், சித்திரை வெயிலில் மத்தியானம் பட்டர் எண்ணெயாகத்தான் நிற்கும். ஒரு உருண்டையைத் தட்டி, நடுவில் ஒரு தேக்கரண்டி உள்ளுடன் மட்டும் வைத்து, மேலே இன்னொரு தட்டையை மூடி, ஓரத்தைக் கொழுக்கட்டைக்கு அமத்துவதுபோல அமத்துங்கள். 180 பாகையில் 12 முதல் 14 நிமிடம். எடுக்கும்போது நடு மெத்தென்றிருக்கும், வேகவில்லை என்று திரும்ப உள்ளே தள்ளாதீர்கள், ஆற ஆற இறுகும்.

முள்ளியவளை: ஓவன் இல்லை.

தடித்த அலுமினியச் சட்டியில் இரண்டு விரல் உயரத்துக்கு மணல் போட்டு, மூடி, பத்து நிமிடம் சூடாக்குங்கள். உள்ளே ஒரு வளையம், அதன்மேல் தட்டு. அடி சிவந்தும் மேல் வெளிறிக் கிடந்தால் மூடியின்மேல் சிரட்டைத் தணல் போடுங்கள். கிட்டத்தட்ட 20 நிமிடம் பிடிக்கும். ஒட்டாத பூச்சுள்ள சட்டியை இதற்கு எடுக்கவே வேண்டாம், பூச்சு கெட்டுவிடும்.

வவுனியா: அம்மாவுக்குச் சலரோகம். ஓட்ஸ் தானே, கொடுக்கலாமா?

ஓட்ஸ் என்ற பெயரைப் பார்த்து ஏமாறாதீர்கள். உள்ளே பேரீச்சம்பழம், சீனி, பட்டர் எல்லாம் இருக்கிறது. கிளினிக்கில் கேளுங்கள், என்னிடம் அல்ல.

மல்லாவி: எனக்கும் வடிகிறது.

முதல் பதில். ஆறவையுங்கள்.

ஒட்டுசுட்டான் அண்ணை: காட்டுப் பாலைப்பழத்தில் உள்ளுடன் செய்யலாமா?

இதைத்தான் ஒருவராவது கேட்பார்களா என்று பார்த்திருந்தேன்! செய்து பார்த்தேன். தின்னும்போது உதட்டில் ஒட்டும் அந்தப் பால் சட்டியிலும் கரண்டியிலும் விரலிலும் ஒட்டிவிட்டது, கையில் தேங்காய் எண்ணெய் பூசித்தான் கழற்றினேன். கொட்டை எடுக்க ஒரு பின்னேரம் போனது. ஆனால் ருசிக்கு ஈடு இல்லை. பாதிக்குப் பாதி பேரீச்சம்பழம் கலந்தால் பிடிபடும். காட்டுக்குப் போய்ப் பொறுக்குகிறவர்கள் கவனம், கரடிக்கும் அதில் பங்கு உண்டு.

இதற்கு யாழ்ப்பாணத்து ஐயா ஒருவர், "பனாட்டு இருக்கப் பாலைப்பழமா?" என்று எழுதினார். பனாட்டு என்றால் பனம்பழக் களியை வெயிலில் காயவைத்தது. ஒட்டுசுட்டான் அண்ணை விடவில்லை: "பனாட்டு கசக்கும், பிள்ளைகள் துப்பும்." ஐயா: "நல்ல பழத்தில் போட்ட பனாட்டைத் தின்னாதவர் பேச்சு." நடுவில் ஒரு தம்பி, பாதி பேரீச்சம்பழம் கலந்தால் அது பேரீச்சம்பழ பிஸ்கட் தானே என்று என்னையும் இழுத்துவிட்டார். சரி தம்பி, உங்கள் கணக்கு சரி. ஐயா, பனம்பழத்தில் கசப்பு மரத்துக்கு மரம் மாறும், அதனால் பனாட்டை முதலில் கிள்ளி வாயில் போட்டுப் பாருங்கள். நல்லதென்றால் இளஞ்சுடு தண்ணீரில் ஊறவைத்து, மசித்து, துருவிய தேங்காய்ப்பூவும் பனங்கட்டியும் சேர்த்துக் கிண்டலாம். ஆறவைத்து! தேங்காய்ப்பூ சேர்ந்தது இரண்டு நாளைக்கு மேல் நிற்காது. அண்ணை, நீங்களும் ஒருமுறை செய்து பார்த்துவிட்டுச் சண்டைக்கு வாருங்கள்.

மாங்குளம்: எந்த ஓட்ஸ்?

தட்டையாக, முழுதாக இருப்பது. இரண்டு நிமிடத்தில் கஞ்சியாகும் பொடி ஓட்ஸ் என்றால் கடி இருக்காது, களியாகிவிடும்.

புதுக்குடியிருப்பு: எத்தனை நாள் வைக்கலாம்?

பேரீச்சம்பழம் வைத்தது இறுக்கமான பேணியில் நான்கு நாள். இரண்டாம் நாளே மெத்தென்றாகும், உள்ளுடனின் ஈரம் மாவுக்கு ஏறுவதால்தான், பழுதில்லை. மொறுமொறுப்பு வேண்டுமென்றால் அன்றைக்கே தின்னுங்கள்.

நெடுங்கேணி: அக்கா, என்னுடையதும் வெடித்து வடிகிறது, மா பிழையா?

மா பிழையில்லை. ஆறவைத்தீர்களா?

நெடுங்கேணி: இல்லை அக்கா, பிள்ளை பள்ளிக்கூடத்தால் வரப்போகிற அவசரம்.