ஹ்யூவெல் ஹௌசர் யார்? ‘சிம்ப்சன்ஸ்’ கார்ட்டூனில் அவர் ஏன் அவராகவே வருகிறார்?

கலிபோர்னியாவுக்கு வெளியே அவரைத் தெரிந்தவர்கள் குறைவு. 1945-ல் டென்னசியில் பிறந்தவர். நாஷ்வில்லில் தொலைக்காட்சிச் செய்தியாளராக இருந்துவிட்டு, 1981-ல் லாஸ் ஏஞ்சலஸ் வந்தார். அப்புறம் 1991-ல் தொடங்கிய ‘கலிபோர்னியாஸ் கோல்டு’ என்ற, கலிபோர்னியாவைச் சுற்றிக் காட்டும் தொலைக்காட்சி நிகழ்ச்சிதான் அவருக்கு எல்லாமே.

கையில் ஒரு மைக், கூட ஒரு கேமராமேன். பெரிய நடிகர்கள், அரசியல்வாதிகள் பக்கம் போகாமல் சாதாரண மனிதர்களையே தேடிப் போவார். எதைப் பார்த்தாலும் கேமராமேன் லூயிஸ் ஃபுவெர்தேயைக் கூப்பிட்டுக் காட்டுவார். அவகாடோ தின்னும் நாயைக் கண்டு அவர் அசந்துபோகும் காட்சி இன்றும் இணையத்தில் சுற்றுகிறது. என்னைக் கேட்டால், அந்த வியப்பில் துளிகூட நடிப்பு கிடையாது. அந்தக் குரலும் பேச்சும் கலிபோர்னியாவில் அத்தனை பேருக்கும் பழக்கம். அதனால்தான் 2009-ல் ‘சிம்ப்சன்ஸ்’ அவர் குரலிலேயே அவரைக் காட்டியது.

2011-ல் தன் நிகழ்ச்சிகள் மொத்தத்தையும் சாப்மன் பல்கலைக்கழகத்துக்குக் கொடுத்துவிட்டார். 2013-ல் காலமானார். அந்தத் தொகுப்பை இணையத்தில் இலவசமாகவே பார்க்கலாம்.