திராட்சை ஜாம் ஏன் ஓடுகிறது, ஏன் பூசணம் பிடிக்கிறது?

உத்தமபாளையத்திலிருந்து ஒரு வாசகி கேட்கிறார்: "பன்னீர் திராட்சை மலிவாகக் கிடைக்கும்போது ஜாம் செய்து ஆறு மாதத்துக்கு வைத்துக்கொள்ள ஆசை. பழமே இனிப்பாக இருக்கிறதே என்று ஒரு கிலோ கூழுக்குக் கால் கிலோ சர்க்கரைதான் போட்டேன். பாகு மாதிரி ஓடுகிறது. ஆறவைத்து ஊறுகாய் பாட்டிலில் ஊற்றி வைத்தேன், ஒன்றில் பூசணம் பிடித்துவிட்டது. மருந்து எதுவும் போடாமல் கெடாமல் வைக்க முடியுமா?"

தாராளமாக முடியும். உங்கள் ஜாம் ஓடியதற்கும் பூசணம் பிடித்ததற்கும் முதல் காரணம் ஒன்றே, சர்க்கரை போதவில்லை. ஜாம் என்றால் பழத்தின் இனிப்பையும் சேர்த்து நூற்றுக்கு 65 பங்காவது கரைந்த திடப்பொருள் (பெரும்பாலும் சர்க்கரைதான்) இருக்க வேண்டும். அந்த அளவில்தான் பழத்தின் பெக்டின் (ஜாமை உறையவைக்கும் இயற்கைப் பசை) ஒன்றோடொன்று பின்னி உறையும், கிருமிகளுக்குத் தேவையான தண்ணீரையும் சர்க்கரை பிடித்து வைத்துக்கொள்ளும். கால் கிலோ சர்க்கரையோடு அந்த நிலைக்கு வர, போட்டதில் பாதிக்குமேல் வற்றவேண்டும், அவ்வளவு நேரம் கொதித்தால் பெக்டினே சிதைந்துபோகும். அதனால் கிலோ கூழுக்கு முக்கால் கிலோ சர்க்கரை, அதற்குக் கீழே இறங்காதீர்கள்.

பழம் வாங்கும்போது நாலில் ஒரு பங்கு செங்காயாகப் பார்த்து வாங்குங்கள், நன்றாகப் பழுத்ததைவிட அதில்தான் பெக்டினும் புளிப்பும் அதிகம். காம்பு நீக்கிக் கழுவி, ஒரு டம்ளர் தண்ணீரோடு தோல் நன்றாக வேகும்வரை வேகவைத்து மசித்து, விதை தங்கும்படி சல்லடையில் தேய்த்து எடுங்கள். தோலை முதலிலேயே உரித்துப் போட்டுவிடாதீர்கள், நிறமும் பெக்டினும் அதிலிருந்துதான் வருகிறது. இந்தக் கூழை ஒரு ராத்திரி ஃபிரிட்ஜில் வைத்து, அடியில் படிந்திருப்பதை விட்டுவிட்டு எடுத்தால் நல்லது. திராட்சையில் உள்ள டார்டாரிக் அமிலம் பின்னால் ஜாமில் கண்ணாடித்தூள் மாதிரி கரகரவென்று உப்புக் கட்டுவது இதனால் குறையும்.

உறைவது சந்தேகமாக இருந்தால் கடையில் பெக்டின் தேடி அலைய வேண்டாம். இரண்டு செங்காய்க் கொய்யாவை நறுக்கி, மூழ்கும் அளவு தண்ணீரில் அரைமணி நேரம் வேகவைத்து வடிகட்டி அந்தத் தண்ணீரைக் கூழில் சேருங்கள், கொய்யாவில் பெக்டின் கொட்டிக் கிடக்கிறது.

காய்ச்சும்போது அடிகனமான, வாயகன்ற எவர்சில்வர் பாத்திரம் வேண்டும், அலுமினியம் புளிப்புக்கு ஆகாது. வெறும் பாத்திரத்தை முதலில் எடைபோட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். ஒரு கிலோ கூழ், முக்கால் கிலோ சர்க்கரை, இரண்டு பெரிய எலுமிச்சம்பழச் சாறு. சர்க்கரை கரையும்வரை சிறுதீ, அப்புறம் முழுத்தீயில் கிண்டிக்கொண்டே இருங்கள். பாத்திரத்தின் எடை போக உள்ளிருப்பது சுமார் 1,400 கிராமுக்கு வந்தால் பதம் வந்துவிட்டது. தெர்மாமீட்டர் இருந்தால், உங்கள் ஊரில் தண்ணீர் கொதிக்கும் சூட்டைவிட 4 அல்லது 5 டிகிரி செல்சியஸ் கூட இருக்க வேண்டும் (சமவெளியில் 104, 105 வரும், கொடைக்கானலில் 98 தாண்டினாலே அதிகம்). இரண்டும் இல்லையென்றால், ஃபிரீசரில் வைத்த தட்டில் ஒரு சொட்டு விட்டு ஒரு நிமிடம் கழித்து விரலால் தள்ளுங்கள், மேலே சுருக்கம் விழவேண்டும். சூட்டில் பார்த்தால் தண்ணியாகத்தான் தெரியும், அதை நம்பி மேலும் காய்ச்சினால் ஆறியபின் ரப்பராகிவிடும்.

அடுத்தது பாட்டில், இங்கேதான் பலர் அவசரப்படுகிறார்கள். ஆறவைத்து ஊற்றுவது கூடவே கூடாது. பாட்டிலைக் கொதிநீரில் 10 நிமிடம் போட்டு எடுத்து, சூடாக இருக்கும்போதே கொதிக்கும் ஜாமை மேலே கால் அங்குலம் இடம்விட்டு ஊற்றி, விளிம்பைத் துடைத்து, புதிய தகர மூடியால் மூடுங்கள். பழைய மூடியின் உள்பூச்சு ஒருமுறை அழுந்திவிட்டால் மறுபடி காற்றை அடைக்காது, ஊறுகாய் வாசமும் போகாது. அண்டாவின் அடியில் துணி விரித்து, மூடிக்குமேல் ஓரங்குலம் தண்ணீர் நிற்கும்படி வைத்து, நன்றாகக் கொதிக்க ஆரம்பித்தபின் 10 நிமிடம். ஊட்டி, கொடைக்கானல் பக்கம் 15 நிமிடம். எடுத்து அசைக்காமல் ஆறவிடுங்கள். மறுநாள் மூடியின் நடுப்பகுதி உள்வாங்கி இருக்க வேண்டும், அழுத்தினால் டொக்கென்று மேலே வந்தால் காற்றுப் புகுந்திருக்கிறது, அதை ஃபிரிட்ஜில் வைத்து முதலில் தீர்த்துவிடுங்கள். பாட்டிலைக் கவிழ்த்து வைப்பது, மேலே மெழுகு ஊற்றுவது இதெல்லாம் இதற்கு ஈடாகாது. அடைபட்ட பாட்டில் இருட்டான அலமாரியில் ஆறு மாதம் தாங்கும், திறந்தபின் ஃபிரிட்ஜ், ஈரமில்லாத கரண்டி.

பூசணம் பிடித்ததை மேலே வழித்துவிட்டு மீதியைப் பிள்ளைகளுக்குக் கொடுக்க வேண்டாம், சில பூசணங்களின் நஞ்சு கண்ணுக்குத் தெரியாமல் கீழே இறங்கியிருக்கும். முழுதாகக் கொட்டிவிடுங்கள். ஓடுகிற மற்ற பாட்டில்களை, வாசம் மாறாமல் இருந்தால் மட்டும், ஒன்றாக ஊற்றி, முதலில் எடுத்த கூழில் கிலோவுக்கு அரைக்கிலோ கணக்கில் சர்க்கரையும் கொய்யாத் தண்ணீரும் எலுமிச்சையும் சேர்த்து, தட்டில் சுருக்கம் விழும்வரை மறுபடி காய்ச்சலாம்.