ராமநாதபுரம் கடலோரத்தில் அணுக்கழிவை ஆழமாகப் புதைத்தால் என்ன?

"ஆள் நடமாட்டம் இல்லாத பொட்டல்தானே, கூடங்குளத்துக் கழிவை ராமநாதபுரம் கடலோரத்தில் அரை கிலோமீட்டர் தோண்டிப் புதைத்துவிடலாமே?" என்று கேட்டிருக்கிறீர்கள். சரிப்படாது. இதில் முதலில் பார்ப்பது ஆள் நடமாட்டத்தை அல்ல, நிலத்தடி நீரை.

தனுஷ்கோடி மணலில் ஊற்றுத் தோண்டினால் சில அடியிலேயே நல்ல தண்ணீர் ஊறும். ஆழம் கூட்டினால் உப்பு ஏறிவிடும். மழைநீர் மணலுக்குள் இறங்கி, கனமான கடல்நீரின் மேல் மிதப்பதால் வருவது அது. நீர் இப்படித் தாராளமாகப் போய்வரும் நிலம் புதைகுழிக்கு ஆகாது; கசியும் கழிவை அந்த நீரே வெளியே கொண்டுவந்துவிடும். அதற்கும் கீழே போனால் காவிரிப் படுகையின் தென்பகுதி: மணற்கல், களிக்கல், சுண்ணாம்புக்கல் அடுக்குகள். வழுதூர் மின் நிலையத்தை ஓட்டும் எரிவாயு இந்தப் படுகையில் எடுப்பதுதான். எரிவாயு இருக்கும் இடத்தை என்றைக்காவது யாராவது துளையிடாமல் விடமாட்டார்கள். என்னைக் கேட்டால், இந்த ஒரு காரணமே போதும்.

பின்லாந்தின் ஓங்கலோ அணுக்கழிவுப் புதைகுழியும் கடலோரம்தான், ஆனால் அங்கே இருப்பது 180 கோடி ஆண்டுக்கு மேற்பட்ட கெட்டிப் பாறை. பயன்படுத்திய எரிபொருளைப் பல பத்தாண்டுகள் ஆறவிட்டு, வார்ப்பிரும்புக் கூட்டில் அடுக்கி, அதன்மேல் 5 செ.மீ. கனத்தில் செம்பு உறை போடுகிறார்கள். 400 மீட்டருக்குக் கீழே பாறையில் துளை போட்டு உறையை இறக்கி, சுற்றிலும் பென்டோனைட் களிமண் திணிப்பது அடுத்த வேலை. கசிந்து வரும் நீரில் களி உப்பி, இடுக்கை அடைத்துக்கொள்ளும். களி 100 டிகிரி செல்சியஸைத் தாண்டக் கூடாது என்பதால் உறைகளை நெருக்கி வைக்க முடியாது. நீரில் உப்பு கூடக்கூட களி வீங்கும் அளவும் அழுத்தமும் குறையும். நம் கடலோரத்தில் தரைக்கு மேல் வைத்தாலும் தொல்லைதான்: உப்புக் காற்றில் எவர்சில்வர் பெட்டியின் வெல்டிங் ஓரங்கள்கூட விரிசல் விடலாம்.

இடம் தப்பாகப் போனால் என்ன ஆகும் என்பதற்கு ஜெர்மனியின் ஆசே சுரங்கம் இருக்கிறது. 1967 முதல் 1978 வரை பழைய உப்புச் சுரங்கத்தில் ஏறக்குறைய 1,26,000 அணுக்கழிவுக் கொள்கலன்களை இறக்கினார்கள். இப்போது தினமும் சுமார் 12,000 லிட்டர் நீர் உள்ளே வருகிறது. எல்லாவற்றையும் வெளியே எடுக்கத் திட்டம் போடுகிறார்கள். அமெரிக்காவில், நியூ மெக்சிகோவில், 655 மீட்டர் ஆழத்தில் இருக்கும் அணுக்கழிவுப் புதைகுழிக்கு இடம் நன்றாகத்தான் இருந்தது. நைட்ரேட் கழிவோடு களிமண் வகைக்குப் பதிலாகத் தாவரப் பொருளில் செய்த பூனை மணலை (வீட்டுப் பூனையின் கழிவை உறிஞ்சப் போடும் பொருள்) ஈரம் உறிஞ்சக் கலந்துவிட்டார்கள். 2014 பிப்ரவரியில் ஒரு டிரம் சூடேறிப் பிளந்து, ஏறக்குறைய மூன்று ஆண்டுகள் வேலை நின்றது.

இந்தியாவில் இப்போதைக்கு ஆழ்புதைகுழியே கிடையாது. மறுசுத்திகரிப்பில் (பயன்படுத்திய எரிபொருளிலிருந்து திரும்பப் பயன்படுவதைப் பிரித்தெடுக்கும் வேலை) மிஞ்சும் கடுங்கதிர்வீச்சுத் திரவத்தைப் போரோசிலிகேட் கண்ணாடியாக உருக்கி, எவர்சில்வர் குடுவையில் ஊற்றி, தாராப்பூரில் காற்றோட்டமே குளிர்விக்கும் நிலவறையில் வைக்கிறார்கள். ஆழத்தில் பாறை வெப்பத்தை எப்படித் தாங்கும் என்று சோதித்தது கோலார் தங்கச் சுரங்கத்தில், ஏறக்குறைய 1,000 மீட்டருக்குக் கீழே. கையுறை, துணி, வடிகட்டி மாதிரி லேசான கழிவுக்கு அவ்வளவு ஆழம் வேண்டாம். அணுமின் நிலைய வளாகங்களிலேயே தரையை ஒட்டிய கான்கிரீட் பள்ளங்களில் போட்டு மூடிவிடுகிறார்கள்.