செத்தது யார்?

கேள்வி: ‘கேனிபல் ஹோலோகாஸ்ட்’ என்ற இத்தாலியப் படத்துக்காக ஆட்களை நிஜமாகவே கொன்றார்களாமே? அந்தக் காலத்து இத்தாலியக் குப்பைகளை எல்லாம் இப்போது ‘கல்ட் கிளாசிக்’ என்று கொண்டாடுவது அநியாயம் இல்லையா?
– ஒரு வாசகர், திருச்சி

பதில்: ஆட்கள் யாரும் சாகவில்லை. செத்தது ஆமையும் குரங்கும். உங்கள் கோபத்தைக் கொஞ்சம் அந்தப் பக்கம் திருப்புங்கள்.

1980இல் மிலானில் படம் வெளியாகிப் பத்து நாளிலேயே பறிமுதல் செய்துவிட்டார்கள். முதலில் ஆபாச வழக்கு, அப்புறம் கொலைச் சந்தேகம். இந்த வினை, இயக்குநர் ருஜேரோ தியோதாத்தோ தானே தேடிக்கொண்டது. காட்டில் தொலைந்துபோன படக்குழுவின் ஃபிலிம் சுருள்கள் கிடைத்தன என்பதுதான் கதை. ஜனங்கள் அதை நம்ப வேண்டுமே! ஒரு வருஷம் எங்கேயும் தலைகாட்டக் கூடாது என்று நடிகர்களிடம் எழுதி வாங்கியிருந்தார். கடைசியில் அவரே அவர்களைத் தேடிப்பிடித்து, உயிரோடுதான் இருக்கிறார்கள் என்று காட்ட வேண்டியதாயிற்று. படத்தில் கழுவேற்றப்பட்ட பெண்? இரும்புக் கம்பத்தில் ஒரு சைக்கிள் சீட்டைப் பொருத்தி உட்காரவைத்து, கூராகச் சீவிய பால்சா என்ற லேசான மரக்கட்டையை வாயில் கவ்வி அண்ணாந்து பார்க்கச் சொன்னார்கள். அவ்வளவுதான் வித்தை. ஆமையை அறுத்ததற்கு இப்படி ஒரு விளக்கம் சொல்ல அவரிடம் எதுவும் இல்லை. குரங்கு சாகும் ஒரே காட்சிக்கு இரண்டு குரங்குகளைக் கொன்றார்கள்.

சரி, குப்பைக்கு வருவோம். ஒரு படம் ஓடினால் அதே ரகத்தில் வரிசையாக எடுத்துத் தள்ளுவதை இத்தாலிக்காரர்கள் ‘ஃபிலோனே’ என்பார்கள். சுரங்கத்தில் ஓடும் தாதுவரிக்கும் அதுதான் பெயர். தீரும்வரை தோண்டுவார்கள். ‘டான் ஆஃப் த டெட்’ என்ற அமெரிக்கப் பேய்ப்பிணப் படம் அங்கே ‘ஸோம்பி’ என்ற பெயரில் ஓடியது. 1979இல் லூச்சியோ ஃபுல்ச்சியின் படத்துக்கு ‘ஸோம்பி 2’ என்று பெயர் வைத்துவிட்டார்கள். முதல் கதைக்கும் இதற்கும் ஒட்டுமில்லை, உறவுமில்லை. துணிச்சல்!

ஆனால் அந்தப் பட்டறையில் இருந்தவர்கள் கைதேர்ந்த ஆட்கள். 1962இல் வந்த அதிர்ச்சி ஆவணப்படம் ‘மோண்டோ கானே’. அதன் மெட்டில் உருவான ‘மோர்’ பாட்டு ஆஸ்கர் பரிந்துரை வரை போனது. இசையமைத்த இருவரில் ஒருவரான ரிஸ் ஓர்த்தோலானிதான் தியோதாத்தோ படத்துக்கும் இசை. கண்ணை மூடிக்கொண்டு கேட்டால் தாலாட்டு மாதிரி இருக்கும். ‘கண்டெடுத்த ஃபிலிம்’ உத்தியோ 1999இல் ‘பிளேர் விட்ச் புராஜெக்ட்’ என்ற அமெரிக்கத் திகில் படத்தில் திரும்ப வந்து கோடிகளைக் குவித்தது.

பார்த்தே தீருவேன் என்றால், விலங்குகளைக் கொல்லும் காட்சிகளை எடுத்துவிட்ட பதிப்பும் டிஸ்க்கில் வந்திருக்கிறது. கதை ஓர் இடத்திலும் தட்டாது.