ஸ்டெல்லன் ஸ்கார்ஸ்கோர்ட்: எந்தப் படத்தில் தொடங்கலாம்?

கேள்வி: ‘செர்னோபில்’ தொடரில் போரிஸ் ஷெர்பினாவாக வந்தவரை ரொம்பப் பிடித்துவிட்டது. பெயரைப் போட்டுத் தேடினால் நூறு படத்துக்கு மேல் வருகிறது. எதை முதலில் பார்ப்பது? ஸ்வீடிஷ் தெரியாத எனக்குப் பழைய படங்கள் ஒட்டுமா?

பதில்: முதலில் பெயர். கடைசி ‘ஏ’ எழுத்தின் தலையில் ஒரு குட்டி வட்டம் இருக்கும், ஸ்வீடிஷில் அதை ‘ஓ’ மாதிரிதான் சொல்வார்கள், அதனால் ஸ்கார்ஸ்கோர்ட். தேடும்போது ஸ்டெல்லனையும் சேர்த்துப் போடுங்கள், இல்லையென்றால் பிள்ளைகள் வந்து நிற்பார்கள். எட்டுப் பிள்ளைகளில் அலெக்சாண்டர், குஸ்டாஃப், பில், வால்டர் நால்வரும் நடிகர்கள். ‘இட்’ படத்தில் கோமாளியாக வந்து பயமுறுத்தியது பில்.

வருட வரிசையில் போகாதீர்கள், பாதியில் அலுத்துவிடும். 1951-ல் கோத்தன்பர்க்கில் பிறந்தவர், 1968-ல் ஒரு டிவி தொடரிலேயே ஸ்வீடனுக்குத் தெரிந்த முகமாகி, அப்புறம் 1972 முதல் 1988 வரை ஸ்டாக்ஹோமின் அரச நாடக அரங்கில் இருந்தார். அந்தக் காலத்துப் படங்களில் ஒன்று மட்டும் விடக்கூடாதது, அதைக் கீழே சொல்கிறேன்.

நீங்கள் தொடங்க வேண்டியது ‘இன்சோம்னியா’, 1997-ல் வந்த நார்வே படம். நோலன் 2002-ல் எடுத்தது இதன் மறு ஆக்கம், குழப்பிக்கொள்ள வேண்டாம். வடக்கு நார்வேயில் சூரியன் மறையாத கோடை. கொலை வழக்குக்கு வந்த ஸ்வீடன் போலீஸ்காரர் மூடுபனியில் தன் சகாவையே தவறுதலாகச் சுட்டுவிட்டு அதை மறைக்கிறார். ராத்திரி ஹோட்டல் அறையில் ஜன்னலை எப்படி மூடினாலும் வெளிச்சம் உள்ளே வந்துகொண்டே இருக்கிறது, மனுஷன் ஒரு வார்த்தை பேசுவதில்லை, முகம் மட்டும் நாளுக்கு நாள் வற்றிப்போகிறது. இவர் ஸ்வீடிஷிலும் மற்றவர்கள் நார்வேஜியனிலும் பேசிக்கொள்வார்கள், இரண்டு மொழிக்காரர்களுக்கும் ஒருவர் பேச்சு மற்றவருக்கு ஓரளவு புரியும். டப்பிங்கில் பார்த்தால் அவர் வெளியாள் என்பதே காணாமல் போய்விடும். ஆகவே சப்டைட்டில்தான், தயங்காதீர்கள்.

செர்னோபிலில் உங்களுக்குப் பிடித்ததும் இப்படிப் பேசாமல் முகத்தாலேயே நடிப்பதுதான் என்று நினைக்கிறேன். ‘ஐந்து வருஷத்தில் செத்துப்போவோம்’ என்று விஞ்ஞானி லெகாசோவ் சொன்ன பிறகு ஷெர்பினா கத்தவில்லை, அப்படியே உறைந்து நிற்கிறார், தொலைபேசி அடிக்கிறது, எடுக்கிறார். கோல்டன் குளோப் விருது அந்த வேடத்துக்குத்தான்.

அடுத்து அந்தப் பழைய படம்: ஹான்ஸ் ஆல்ஃப்ரெட்சன் இயக்கிய ‘அப்பாவிக் கொலைகாரன்’. பிளவுபட்ட உதட்டோடு குழறிப் பேசும் பண்ணையாள், ஊரே மூளையில்லாதவன் என்கிறது, முதலாளி மாட்டுக்கொட்டகையில் படுக்க வைக்கிறான். 1982 பெர்லின் விழாவில் சிறந்த நடிகர் விருது. மொழி தெரியாதது இங்கே ஒரு பொருட்டே இல்லை.

இயக்குநர் லார்ஸ் வான் டிரியரோடு செய்த படங்களில் ‘பிரேக்கிங் தி வேவ்ஸ்’ அபாரம், ஆனால் வீட்டில் எல்லாரும் இருக்கும்போது போட்டுவிடாதீர்கள். அதற்கு ‘மம்மா மியா’ இருக்கிறது, இவர் பாட்டு சுமார்தான். ‘தோர்’, ‘பைரேட்ஸ்’ எல்லாம் நேரமிருந்தால்.

கடைசியாக ‘சென்டிமென்டல் வேல்யூ’, 2025 கான் விழாவில் கிராண்ட் பிரி வாங்கியது. 2022-ல் பக்கவாதம் வந்தபின் வசனம் நினைவில் நிற்பதில்லை என்று அவரே சொன்னார். ‘ஸ்டார் வார்ஸ்’ தொடரான ‘ஆண்டோர்’ இரண்டாம் பருவத்தில் காதில் இயர்பீஸ் வைத்து, ஒருவர் வரியைச் சொல்லச் சொல்ல நடித்திருக்கிறார். இது தெரிந்தபின் ஒரு தடவை திரும்பப் பார்த்தேன், எந்த இடத்தில் கேட்கிறார், எந்த இடத்தில் பேசுகிறார் என்று என்னால் பிரிக்க முடியவில்லை.