டீக்கடையைப் பத்து நிமிடம் எடுத்தால் வேலை கிடைக்குமா?

காட்பாடியிலிருந்து எழுதிய அம்மாவுக்கு,

"கேமராவை ஆட்டாம அசைக்காம பத்து நிமிஷம் ஒரு சந்துத் தெருவை எடுத்து வெச்சிருக்கா என் பொண்ணு, இதுல என்ன சார் இருக்கு?" என்று கேட்டிருந்தீர்கள். நீங்கள் அனுப்பிய வீடியோத் துண்டை இரண்டு முறை பார்த்தேன். முதல் முறை எனக்கும் கொட்டாவிதான் வந்தது, மறைப்பானேன்.

சி.எம்.சி. மருத்துவமனைக்கு எதிர்ச் சந்து. லாட்ஜ் வாசலில் வங்காள எழுத்தில் போர்டு, பக்கத்தில் டீக்கடை. ஒருவர் எக்ஸ்ரே கவரைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வந்து படியில் உட்காருகிறார். மாடிக் கம்பியில் ஒரு அம்மா புடவையைப் பிழிந்து காயப்போட, சொட்டும் தண்ணீர் அவர் தோளில் விழுகிறது. அவர் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. ஏழாவது நிமிடத்தில் எழுந்து போகிறார், கவர் படியிலேயே கிடக்கிறது. திரும்பி வருவாரா என்று நான் காத்திருந்தேன். வேலூர்க்காரர்கள் நாம் தினமும் அந்த வழியாகப் போகிறோம், இப்படி ஒருநாளாவது நின்று பார்த்திருப்போமா?

இதற்கென்று ஒரு மரபே இருக்கிறது. அமெரிக்காவில் ஜேம்ஸ் பென்னிங் என்பவர் 2004இல் '13 லேக்ஸ்' என்று ஒரு படம் எடுத்தார். பதின்மூன்று ஏரிகள், ஏரிக்குப் பத்து நிமிடம், கேமரா நகராது. மனிதர் கல்லூரியில் படித்தது கணிதம். கலிஃபோர்னியாவில் ஒரு கலைக் கல்லூரியில் பல வருடம் வாத்தியார் வேலை பார்த்தபடிதான் படம் எடுத்தார். உங்கள் அடுத்த கேள்விக்கு, அதாவது சோற்றுக்கு என்ன வழி என்பதற்கு, பதில் இதில் பாதி இருக்கிறது. இந்த மாதிரிப் படம் மட்டும் வைத்து வீட்டு வாடகை கட்ட முடியாது. எடிட்டிங், ஒலிப்பதிவு, பாடம் நடத்துவது என்று ஏதாவது ஒன்று கையில் இருக்க வேண்டும்.

நான் ஒலியைத்தான் சொல்வேன். அந்தத் துண்டில் ஆட்டோ ஹாரனுக்கு நடுவே வங்காளமும் தமிழும் தனித்தனியாகக் காதில் விழுகின்றன, அது சும்மா வராது. புனே திரைப்படக் கல்லூரியில் ஒலிப் படிப்புக்கு ப்ளஸ் டூவில் இயற்பியல் படித்திருக்க வேண்டும், கூடவே ஏதாவது ஒரு பட்டம். முதல் குரூப் வீணாகப் போச்சே என்று அழுதீர்களே, அழ வேண்டாம். அவளையும் இயற்பியலைக் கைவிடாமல் படிக்கச் சொல்லுங்கள். பி.எஸ்சி.யோ இன்ஜினியரிங்கோ முடித்துவிட்டு புனேவுக்கோ கொல்கத்தா சத்யஜித் ராய் திரைப்பட நிறுவனத்துக்கோ எழுதலாம். ப்ளஸ் டூ முடித்த கையோடு சேர வேண்டுமென்றால் சென்னை தரமணியில் அரசு எம்.ஜி.ஆர். திரைப்படப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது. "சினிமா கோர்ஸ், உடனே வேலை" என்று நோட்டீஸ் கொடுப்பவர்களிடம் லட்சக்கணக்கில் கட்டிவிடாதீர்கள். பெங்களூரில் கலைகளுக்கான இந்திய அறக்கட்டளை நல்கை, அதாவது நிதியுதவி, தருகிறது, ஆனால் அதெல்லாம் பிறகு.

பெரிய கேமரா இப்போது வேண்டாம். போன் போதும், அப்புறம் ஒரு சின்ன ரெக்கார்டரும் ஹெட்போனும்.

ஒன்று மட்டும் அவளிடம் கேட்டுச் சொல்லுங்கள்: படியில் உட்கார்ந்தவரிடம் அனுமதி வாங்கினாளா? வைத்தியத்துக்கு வந்தவர், முகம் தெளிவாகத் தெரிகிறது. வாங்கவில்லை என்றால் அதை யாருக்கும் அனுப்ப வேண்டாம், என்னிடம் இருப்பதையும் அழித்துவிடுகிறேன்.