உருளைக்கிழங்கும் ஒரு டம்ளர் மோரும்

அன்புள்ள ஐயா,

மூன்று வாரமாக வேகவைத்த உருளைக்கிழங்கு மட்டும்தான் சாப்பிடுகிறேன், நாளுக்கு ஒரு கிலோ. எடை நான்கு கிலோ குறைந்துவிட்டது. இன்று என்ன சமைப்பது என்ற கேள்வியே இல்லாமல் மனசு லேசாக இருக்கிறது. எழுந்து நின்றால்தான் கொஞ்சம் தலை சுற்றுகிறது. அயர்லாந்துக்காரர்கள் தலைமுறை தலைமுறையாக இதை மட்டுமே சாப்பிட்டுத் திடமாக இருந்தார்களே, நானும் தொடரலாம்தானே?

ஆர்., சேலம்

அன்புள்ள ஆர்.,

அந்த லேசான மனசு எனக்குப் புரிகிறது. மூன்று வேளையும் கணக்குப் பார்த்துச் சாப்பிடுகிறவருக்கு அது பெரிய விடுதலை. எடை குறைவதும் இயல்புதான். ஒரே ருசி சீக்கிரம் அலுத்துவிடும், பாதியிலேயே எழுந்துவிடுவோம்.

ஆனால் அயர்லாந்துக் கதையில் பாதியை விட்டுவிட்டீர்கள். அங்கே உழைக்கும் ஆண் ஒருவர் நாளுக்கு ஐந்து கிலோ வரை கிழங்கு சாப்பிட்டார். சீக்கிரம் பசிக்கக்கூடாதென்று நடுவில் கொஞ்சம் வேகாமலே விடுவார்கள். அந்தக் கெட்டியான பகுதிக்கு ‘எலும்பு’ என்றே பெயர். கூடவே வெண்ணெய் எடுத்த மோர். கிழங்கில் வைட்டமின் சி உண்டு. பி12 கிடையாது, கால்சியமும் மிகக் குறைவு. அந்தக் குறையை ஈடுகட்டியது மோர்தான்.

அதுவும் அவர்கள் ஆசைப்பட்டு எடுத்த பத்தியம் இல்லை. விளைந்த தானியம் குத்தகைக்கே போனது. மிச்சமிருந்த துண்டு நிலத்தில் குடும்பத்தின் வயிற்றையே நிறைக்கக் கிழங்கால்தான் முடிந்தது. ஏழைகள் பெரும்பாலும் நட்டது ‘லம்பர்’ என்ற ஒரே ரகம். விதை போடாமல் கிழங்கையே வெட்டி நட்டதால் எல்லாச் செடிக்கும் ஒரே உடல்வாகு. 1845இல் கருகல் நோய் வந்தபோது எதிர்த்து நிற்க அந்த ரகத்திடம் ஒன்றுமில்லை. இலை கருத்தது, குழியில் சேமித்த கிழங்கு நாறிக் கூழானது. அடுத்த சில வருடங்களில் சுமார் 10 லட்சம் பேர் செத்தார்கள். எப்போது படித்தாலும் மனசு கனத்துப்போகிறது.

சரி, உங்கள் தட்டுக்கு வருவோம். ஒரு கிலோ கிழங்கில் சுமார் 850 கலோரி, புரதம் 20 கிராம்கூட இருக்காது. குறைந்த நான்கு கிலோவில் தண்ணீரும் தசையும் சேர்ந்தே போயிருக்கும். தலைசுற்றலை விட்டுவைக்காதீர்கள், இந்த வாரமே டாக்டரைப் பாருங்கள். சர்க்கரைக்கோ பிரஷருக்கோ மாத்திரை சாப்பிடுபவரானால் நாளைக்கே. இன்று ராத்திரியே கிழங்கோடு இரண்டு முட்டை, கொஞ்சம் கீரை, ஒரு டம்ளர் மோர் சேர்த்துக்கொள்ளுங்கள். என்ன சமைப்பது என்ற தொல்லைதான் பிரச்சினை என்றால், ஞாயிற்றுக்கிழமையே ஏழு நாள் சமையலையும் ஒரு தாளில் எழுதி ஃபிரிட்ஜில் ஒட்டிவிடுங்கள். அப்புறம், டாக்டர் என்ன சொன்னார் என்று எனக்கு எழுதுங்கள்.